தொகுப்பாசிரியர் ஏ. கே. செட்டியார்: படச்சுருளும் இதழும்

தமிழிலக்கிய வரலாறு வகுத்த அறிஞர்கள் பாடினோரைப் போற்றினர். உரை கண்டோரைப் போற்றினர். ஏடு தேடிப் பதிப்பித்தோரையும் போற்றினர். தொகுத்தோரை அந்த அளவிற்குப் போற்றினார் அல்லர். தொகுத்தலாவது பிறர் ஆக்கியவற்றை ஒருங்கு திரட்டும் எளிய தொழில் என்னும் எண்ணமே இதற்குக் காரணமாகலாம். இவ்வெண்ணம் பொருந்துமா என்பதனை அறியப் பழந்தமிழ்த் தொகை நூல்களோடு இருபதாம் நூற்றாண்டுத் தொகுப்பாசிரியர் ஒருவரின் பணியையும் வைத்து நோக்குதல் பயன் தரும். அவர் ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்னும் தம் நூற்பெயராலேயே அறியப்பெற்ற ஏ. கே. செட்டியார். பயண நூலாசிரியர் என்ற அளவிலேயே மாணவர் பலர் அவரை அறிவர். காந்தியடிகளைப் பற்றிய முழுநீள ஆவணப்படத்தை 1940இல் உருவாக்கியவர் அவர் என்பதனைச் சிலரே அறிவர். அப்படத்தைத் தொகுத்த உள்ளமே பின்னர்க் ‘குமரி மலர்’ என்னும் இதழையும் தொகுத்தது. இரு பணிகளும் ஒரே கலையின் இரு வடிவங்களே. இதனை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

தொகுத்தலும் ஆக்கமே

தொல்காப்பிய மரபியல் வழிநூலை நால்வகைப்படுத்துகின்றது. தொகுத்தல், விரித்தல், தொகுத்தும் விரித்தும் செய்தல், மொழிபெயர்த்தல் என்பன அவை. தொகுத்தல் இவற்றுள் முதற்கண் வைக்கப்பெற்றிருத்தல் கருதத்தக்கது. பிறர் பொருளைக் கொண்டு செய்வதாயினும் அதுவும் நூல் செய்தலே என்பது ஆசிரியர் கொள்கை.

இக்கொள்கைக்கு அகநானூறு சிறந்த சான்று. அதனைத் தொகுத்தான் உருத்திரசன்மன். தொகுப்பித்தான் பாண்டியன் உக்கிரப்பெருவழுதி. நானூறு பாட்டுகளும் எவ்வாறு வரிசைப்பட்டுள்ளன என்பதனை மாணவர் அறிவர். ஒற்றைப்படை எண் பெற்றவை அனைத்தும் பாலை, இரண்டும் எட்டும் இறுதியாக வருவன குறிஞ்சி, நான்கு முல்லை, ஆறு மருதம், பத்தாக வருவன நெய்தல். இக்கணக்கின்படி பாலை இருநூறும் குறிஞ்சி எண்பதும் ஏனை மூன்றும் தனித்தனி நாற்பதும் ஆகும். இவ்வரிசையைப் பாடிய புலவர் ஒருவரும் கருதியிருக்க இயலாது. தம் பாட்டிற்கு முன்னும் பின்னும் எப்பாட்டு நிற்கும் என்பதனை அவர் அறியார். எனினும் நூலைத் தொடர்ந்து பயில்வார்க்கு ஒவ்வொரு கூடலுக்கும் இரு பக்கத்தும் ஒரு பிரிவு நிற்கின்றது. இப்பொருள் எந்தத் தனிப் பாட்டிலும் இல்லை. பாட்டுகளின் இடைவெளியில் உள்ளது. அவ்விடைவெளியை ஆக்கியவன் தொகுத்தோன்.

திரைப்படத் தொகுப்பின் அடிப்படையும் இதுவே. தனித்தனியே எடுக்கப்பெற்ற இரு காட்சிகளை அடுத்தடுத்து ஒட்டியவிடத்து, இரண்டிலும் இல்லாத மூன்றாவது பொருள் ஒன்று காண்பார் உள்ளத்தே தோன்றும். உருசிய நாட்டில் 1920களில் இவ்வுண்மையைச் சோதனைகளால் விளக்கினர். அந்நாட்டுப் பெண்மணி எஸ்ஃபிர் ஷுப், 1927இல் ‘ரொமானவ் மரபின் வீழ்ச்சி’ என்னும் படத்தைப் பழைய செய்திப்படச் சுருள்களிலிருந்தே தொகுத்தார். அரச குடும்பத்தார் தம் பெருமைக்காக எடுத்து வைத்த காட்சிகளும் அவற்றுள் உண்டு. செல்வர் ஆடிக் களைத்து வியர்வை துடைக்கும் காட்சியை, உழைப்பாளர் மண்ணோடு போராடி வியர்க்கும் காட்சியோடு அவர் சேர்த்தார். இரு காட்சியும் பொய்யல்ல. ஒன்றும் புதிதாக எடுக்கப்பட்டதும் அன்று. ஆயினும், சேர்க்கையால் அரச மரபின் புகழ்ப்படம் அதன்மேல் வழக்காக மாறிற்று. தொகுப்பு ஆக்கமன்று என்பார் இதற்கு விடை கூறுதல் அரிது.

வாழ்வும் பயிற்சியும்

ஏ. கே. செட்டியார் 1911இல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தார், 1983இல் மறைந்தார். இளமையில் பர்மாவிலிருந்து வெளிவந்த ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராக விளங்கினார். பின்னர்ச் சப்பானுக்குச் சென்று டோக்கியோவில் ஒளிப்படக் கலை பயின்றார். அதன்பின் நியூயார்க்கிலும் அக்கலையைக் கற்றார். எழுத்தும் ஒளிப்படமும் ஆகிய இரண்டும் அவர்பால் முதன்முதலே இணைந்திருந்தமை ஈண்டு நினைவிற் கொள்ளத்தக்கது. இதழாசிரியர்க்கு வேண்டுவது தெரிவு. ஒளிப்படக் கலைஞர்க்கு வேண்டுவதும் தெரிவே. முன்னவர் வந்து குவியும் எழுத்துகளுள் எதனை விடுப்பது எனத் துணிகின்றார். பின்னவர் கண்முன் விரியும் உலகில் எதனைச் சட்டத்திற்கு வெளியே நிறுத்துவது எனத் துணிகின்றார்.

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் ‘சமாரியா’ என்னும் கப்பலில் செல்லும்போது, காந்தியடிகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் செய்யவேண்டும் என்னும் எண்ணம் அவருக்குத் தோன்றிற்று. அந்நாள் அடிகளின் பிறந்தநாள். செட்டியார்க்கு அப்பொழுது வயது இருபத்தாறு நிறையவில்லை. அடிகளின் வாழ்வை நடிகரைக் கொண்டு நடித்துக் காட்ட அவர் எண்ணவில்லை. உலகின் பல மூலைகளில், பலர், பல காலத்து எடுத்த உண்மைப் படத்துண்டுகளைத் தேடி ஒன்றாக்க எண்ணினார். அஃதாவது, படம் எடுக்க எண்ணினார் அல்லர். படம் தொகுக்க எண்ணினார். இவ்வேறுபாட்டை நன்கு உணர்ந்தாலன்றி அவர் பணியின் தன்மை விளங்காது.

ஐம்பதாயிரம் அடியும் பன்னீராயிரம் அடியும்

இப்பணிக்கென டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்னும் நிறுவனம் அமைந்தது. செட்டியார் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் தென்னாப்பிரிக்காவிலும் இந்தியாவிலும் தேடி, ஏறத்தாழ 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். முப்பது ஆண்டுக் காலத்தில் நூறு ஒளிப்பதிவாளர் எடுத்த துண்டுகள் அவை எனக் கூறுவர். படத்தின் ஒளிப்பதிவுப் பணியில் ஆவணப்பட முன்னோடியாகிய டாக்டர் பி. வி. பதி துணைநின்றார், டி. கே. பட்டம்மாள் பாடினார். 1940ஆம் ஆண்டு ஆகஸ்டு 23ஆம் நாள் தமிழ் விளக்கவுரையுடன் படம் வெளிவந்தது. அதன் நீளம் 12,000 அடி.

இவ்விரு எண்களையும் சேர்த்து நோக்குதல் வேண்டும். பேசும் படம் ஒரு நிமையத்திற்குத் தொண்ணூறு அடி வீதம் ஓடும். அக்கணக்கின்படி 50,000 அடி ஒன்பது மணி நேரத்திற்கு மேல் ஓடும். 12,000 அடி இரண்டே கால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைவாக ஓடும். ஆகவே, நாடு நாடாக அலைந்து திரட்டியவற்றுள் நான்கில் மூன்று பங்கைத் தொகுப்பாசிரியர் கழித்தார். அரிதின் முயன்று பெற்ற பொருளைக் கழிப்பது, பெறுவதினும் அரிது. ஏடு தேடியோர் தேடிப் பெற்ற பாடல் அனைத்தையும் அச்சிட விரும்புவர். அது பதிப்பாசிரியர் கடன். தொகுப்பாசிரியர் கடன் வேறு. பாட்டு நன்றாயிருத்தல் மட்டும் போதாது. நூலின் அமைப்பிற்கு அது வேண்டுமா என்பதே அவர் எழுப்பும் வினா. குறுந்தொகையும் நற்றிணையும் அகநானூறும் அடியளவால் வரையறை பெற்றமையை நினைக. பாட்டின் சிறப்பு ஒன்றே நோக்கப்படின் அவ்வரையறை தோன்றியிராது.

கத்தரி பிடித்து வெட்டி ஒட்டிய கை செட்டியாருடையதா, தொழில் அறிந்த பிறருடையதா என்று கேட்கலாம். படத்தொகுப்பு ஒருவர் தனித்துச் செய்யும் தொழில் அன்று. இதற்கும் பழைய வழக்கே துணை செய்கின்றது. நம் முன்னோர் தொகுத்தோனையும் தொகுப்பித்தோனையும் வேறு பிரித்துப் பெயர் கூறினர். இருவர்க்கும் நூலில் இடமளித்தனர். செட்டியாரிடத்தில் இவ்விருவரும் பெரும்பாலும் ஒருவராயினர். பொருள் முடை, பயணம், தேடல், தெரிவு என்னும் எல்லாம் அவர் பொறுப்பாயின. எதனைக் கொள்வது என்னும் துணிவு எவருடையதோ, தொகுப்பும் அவருடையதே.

தேடிய துண்டுகள் ஒரே தன்மையன அல்ல. ஊமைப்படக் காலத்துச் சுருள், பேசும் படத்தினும் குறைந்த விரைவில் எடுக்கப்பெற்றது. அதனைப் பேசும் படக் கருவியில் அப்படியே ஓட்டினால், மனிதர் பதறி ஓடுவார் போலத் தோன்றுவர்; பெருமக்கள் நடையும் நகைப்பிற்கு இடமாகும். ஒருவர் ஒளி மிகுதியாகவும் மற்றொருவர் இருளாகவும் எடுத்திருப்பர். இவ்வேறுபாடுகளுக்கு மேலும் ஒரு வேறுபாடு உண்டு. அதுவே ஆராய்ச்சிக்கு உரியது. துண்டுகளை எடுத்தோர் நோக்கம் ஒன்றன்று. 1930இல் தண்டி யாத்திரை சென்ற அடிகளையும், 1931இல் வட்டமேசை மாநாட்டிற்கு இலண்டன் சென்ற அடிகளையும் மேலைநாட்டுச் செய்திப்படக் குழுவினர் படம்பிடித்தனர். அவருட் பலர்க்கு அவர் ஒரு வியப்புக்குரிய காட்சிப்பொருள். குளிர்நாட்டில் அரையாடையுடன் வந்த விந்தை மனிதர். பேரரசின் கண்கொண்டு எடுத்த அத்தகைய துண்டுகள், அடிகளின் வாழ்வு முழுவதையும் தொடர்ந்து காட்டும் ஒரு வரிசையில் வைக்கப்பெறும்போது, அவ்வரையாடையே வாழ்வின் கொள்கையாக விளங்கும். எடுத்தவன் கண்ணைத் தொகுத்தவன் கண் வென்றுவிடுகின்றது. ஷுப் செய்ததன் மறுதலை இது. அவர் புகழ்ச்சியை வழக்காக்கினார்; செட்டியார் முறை வேடிக்கையைச் சான்றாக்கும் முறை.

விளக்கவுரையும் துறைக்குறிப்பும்

ஆவணப்படத்திற்கு உயிர் காட்சி மட்டுமன்று. உடன் ஒலிக்கும் விளக்கவுரையும் ஆகும். ஒரு கூட்டம் சாலையிற் செல்கின்றது. அது திருவிழாவிற் செல்கின்றதா, அறப்போருக்குச் செல்கின்றதா என்பதனைச் சில நேரங்களிற் குரலே அறிவிக்கும். புறநானூற்றுப் பாட்டுகளின் கீழ்க் காணப்பெறும் திணை, துறை, பாடினோர், பாடப்பட்டோர் பற்றிய குறிப்புகளும் இத்தகையனவே. அக்குறிப்பு இன்றேல் பல பாட்டுகளில் யார் யாரை எந்நிலையிற் பாடினார் என்பது புலப்படாது. குறிப்பு சிதைந்த பாட்டுகளில் உரையாசிரியர் இடர்ப்படுதலை நாம் காண்கின்றோம். குறிப்பை எழுதியோர் பாடினோர் அல்லர். ஆயினும் நாம் பாட்டைப் படிப்பது அவர் வகுத்த வழியாகவே.

இவ்வுண்மையை மனத்திற்கொண்டு படத்தின் பின்வரலாற்றை நோக்குக. தமிழைத் தொடர்ந்து தெலுங்கு வடிவம் வந்தது. ஆங்கில ஆட்சியின் கெடுபிடி மிகுந்தமையின் படத்தை மறைத்து வைக்க வேண்டியதாயிற்று. 1947இல் விடுதலையை ஒட்டி இந்தி விளக்கவுரையுடன் தில்லியில் திரையிடப்பெற்றது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் உருவாயிற்று. தமிழ் வடிவம் நெடுங்காலம் காணக் கிடைக்கவில்லை. இந்நூற்றாண்டில் ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் முயற்சியால் ஆங்கில வடிவத்தின் படியொன்று அமெரிக்காவிலிருந்து தெரியவந்தது.

ஆங்கில வடிவம் கிடைத்தமை மகிழ்ச்சிக்குரியதே. எனினும் அதுவே செட்டியாரின் படம் எனக் கொள்ளுதல் பொருந்தாது. அதன் விளக்கவுரை அமெரிக்க மக்களுக்காக அமெரிக்கர் எழுதியது. 1940இல் அடிகள் உயிருடன் இருந்தார், நாடு அடிமைப்பட்டிருந்தது, படம் முடிவுறாத ஒரு போராட்டத்தின் நடுவே நின்று பேசிற்று. 1953இல் அடிகள் மறைந்து ஐந்து ஆண்டு ஆகியிருந்தது. நாடு விடுதலை பெற்றிருந்தது. முன்னையது நடக்கும் வாழ்வைக் கூறும் படம். பின்னையது நிறைவுற்ற வாழ்வைக் கூறும் படம். துறைக்குறிப்பு மாறியபின் பாட்டும் ஒருவாறு மாறுகின்றது என்பதனை ஒப்புவோர், விளக்கவுரையும் வரிசையும் மாறிய படத்தை வேறு நூலாகவே கருதுதல் வேண்டும். மரபியல் கூறும் வழிநூல் வகைகளுள் முதலாவது தொகுத்தல், நான்காவது மொழிபெயர்த்தல். அவை வேறு வேறு வகைகளாகவே எண்ணப்பெற்றன.

குமரி மலர்

படப்பணி முடிந்தபின் செட்டியார் மற்றொரு படத்தைத் தொடங்கிற்றிலர் எனச் சிலர் வருந்துவர். அவ்வருத்தம் அவர் தொழிலை அறியாமையால் வருவது. இரண்டாம் உலகப்போர்க் காலத்தில், 1943இல், அவர் ‘குமரி மலர்’ என்னும் இதழைத் தொடங்கினார். இடையீடு பட்டும் தொடர்ந்தும், தம் வாழ்வின் இறுதிக்காலம் வரை அதனை நடத்தினார். அவ்விதழின் தனிச்சிறப்பு, மறைந்துபோன பழைய இதழ்களிலிருந்தும் நூல்களிலிருந்தும் அரிய கட்டுரைகளையும் குறிப்புகளையும் எடுத்து மீண்டும் வெளியிட்டதாகும். பாரதியார் காலத்துத் தமிழ்நாட்டின் அரசியல், பண்பாடு, அச்சு ஆகியவற்றை ஆராய்வோர்க்கு அவ்விதழ் ஒரு களஞ்சியம்.

இங்கும் அவர் செய்தது முன்னர்ச் செய்ததே. சிதறிக் கிடந்த துண்டுகளைத் தேடினார், தெரிந்தெடுத்தார், ஒன்றன்பின் ஒன்றாக வைத்தார். தாம் பேசுவதனைக் குறைத்து, பழைய சான்றுகளைப் பேசவிட்டார். படச்சுருளில் அடிக்கணக்கு, இதழிற் பக்கக் கணக்கு. 1968இல் அவர் வெளியிட்ட ‘தமிழ்நாடு’ என்னும் பயணக் கட்டுரைத் தொகுதியும் இம்முறையிலேயே அமைந்தது. உலகம் சுற்றியவர் தம் நாட்டைப் பற்றி நூல் செய்யப் புகுந்தவிடத்துத் தம் பயணத்தை எழுதவில்லை. முன்னிருந்தோர் பலர் வெவ்வேறு காலத்துச் சென்ற பயணங்களைத் திரட்டினார். பல கண்கள் கண்ட ஒரு நாடு அத்தொகுதியிற் காட்சியளிக்கின்றது. நூறு ஒளிப்பதிவாளரின் கண்களால் ஒருவரைக் காட்டிய படத்திற்கும் இத்தொகுதிக்கும் உள்ள ஒப்புமை வெளிப்படை.

குணமும் குற்றமும்

செட்டியாரின் உரைநடையில் ‘நான்’ என்னும் சொல் அருகியே வரும். அவர் பயண நூல்களிற் சிறு தொடர்களும் கண்ட செய்திகளும் மிகுதி. வியப்புச் சொற்கள் குறைவு. தம்மை மறைத்துப் பொருளைக் காட்டுதல் அவர் இயல்பு. ஆவணப்படத்திற்கும் தொகை நூலுக்கும் இவ்வியல்பு பெரிதும் பொருந்துவது. தொகுப்பாசிரியன் தன்னை முன்னிறுத்துவானாயின் சான்று பின்னிடும்.

ஆயினும் இக்குணமே ஒரு குறைக்கும் இடமாயிற்று. படம் உருவான வரலாற்றை அவர் குமரி மலரில் 1970களின் இறுதியில் தொடராக எழுதினார். அது பின்னர் ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என நூலாயிற்று. ஆவணப்பட வரலாற்றில் அந்நூலுக்கு உயர்ந்த இடம் உண்டு. எனினும், அதன் பெரும்பகுதி தேடலைப் பற்றியது. எங்குச் சென்றார், யாரைக் கண்டார் என்பன சுவைபட விளங்குகின்றன. பெற்ற துண்டுகளை எம்முறையாற் கோத்தார், எதனை எக்காரணத்தாற் கழித்தார் என்பன அந்த அளவிற்கு விளங்கவில்லை. கழித்த 38,000 அடியைப் பற்றி ஆராய்ச்சியாளன் கேட்க விரும்புவன பல. தம் தெரிவைப் பெருமையாகக் கருதாத ஒருவர், அதனை விளக்கவும் எண்ணவில்லை போலும். பணிவு நற்பண்பே, கலையின் இலக்கணம் பணிவால் மறைந்துபோதல் இழப்பே. சங்கத் தொகைகளைத் தொகுத்தோரும் தம் முறைக்குக் காரணம் கூறிச் சென்றாரல்லர். வரிசையைக் கொண்டே காரணத்தை நாம் உய்த்துணர்கின்றோம். படத்திலோ, உய்த்துணர்தற்கு வேண்டும் அவ்வரிசையே நெடுங்காலம் நம் கைக்கு எட்டாதிருந்தது.

செய்யத்தக்கன

அக்காலப் படச்சுருள் நைட்ரேட்டு என்னும் பொருளால் ஆயது. எளிதில் தீப்பற்றும், தீப்பற்றாவிடினும் நாளடைவில் தானே சிதைந்து தூளாகும். ஓலைக்குக் கறையான் எதுவோ, சுருளுக்கு அதன் உடம்பே அது. ஏடுகளை இழந்ததற்கு இன்றளவும் வருந்தும் நாம், சுருள்களை இழந்ததனைப் பிற துறையார் கவலை என ஒதுக்குகின்றோம்.

சென்னையின் தென்பகுதியைக் கருதுக. தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் உள்ளது. செட்டியார் பிறந்த அதே கோட்டையூரில், ஒரு தனிமனிதர் ஆர்வத்தாற் சேர்த்த நூல்களும் இதழ்களுமே அதன் முதல். அதே தரமணியில் உலகத் தமிழாராய்ச்சி நிறுவனமும், படத்தொகுப்பைப் பாடமாகக் கற்பிக்கும் அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனமும் உள்ளன. தாம்பரத்திலிருந்து செல்லும் முதுகலை மாணவர் ஒருவர் இம்மூன்றையும் ஒரே நாளிற் கண்டு வரலாம். தொகை நூல் கற்பார் ஓரிடத்தும், படத்தொகுப்புக் கற்பார் ஓரிடத்தும், பழைய இதழ்கள் பிறிதோரிடத்தும் இருத்தலில் குற்றமில்லை. ஒருவர் மற்றவரிடம் கேட்டறியாமையே குறை. அகநானூற்றின் வரிசையைப் படத்தொகுப்பு மாணவர்க்குத் தமிழாசிரியர் விளக்கலாம். வெட்டும் ஒட்டும் பொருளை மாற்றும் திறத்தைத் தமிழ் மாணவர்க்கு அவர் திரும்ப விளக்கலாம்.

மேல் ஆராய்ச்சிக்கு மூன்று பணிகள் உள்ளன. குமரி மலர் இதழ்களுக்கு முழுமையான பொருளடைவு செய்து, ஒவ்வொரு மறுவெளியீட்டின் மூலத்தையும் காலத்தையும் குறித்தல் ஒன்று. 1940இல் வெளிவந்த படத்தைப் பற்றி அக்கால இதழ்களில் வந்த அறிவிப்பு, விளம்பரம், மதிப்புரை ஆகியவற்றைத் திரட்டி, அதன் காட்சி வரிசையை இயன்ற அளவு மீட்டமைத்தல் மற்றொன்று. அவ்வரிசையை 1953ஆம் ஆண்டு வடிவத்தோடு ஒப்பிட்டு, மாறியன எவை எனக் காட்டுதல் மூன்றாவது. பாடவேறுபாடு காட்டும் பயிற்சி பெற்ற தமிழ் மாணவர்க்கு இவை புதிய தொழில்கள் அல்ல. அன்றியும், இலக்கிய வரலாற்று நூல்களில் ‘பயண நூலாசிரியர்’ என்னும் தலைப்பின்கீழ் மட்டும் செட்டியாரை நிறுத்தும் வழக்கத்தை மாற்றி, ‘தொகுப்பாசிரியர்’ என ஓர் இயல் வகுத்து, உருத்திரசன்மனும் பூரிக்கோவும் கூடலூர் கிழாரும் நிற்கும் வரிசையின் இக்காலத்து முனையில் அவரை வைத்தல் முறையாகும்.